கட்டைவிரல் ஆட்டிய பிணம்

தமிழ் சினிமாவில் அவர் இருபத்தெட்டு முறை செத்திருக்கிறார். எண்ணியது நான்.

அவரைக் கொன்றவர்களுக்குப் பட்டியல் போட்டால் அன்றைய கதாநாயகர்களில் பாதிப் பேர் வந்துவிடுவார்கள். ஒருவர் கல்குவாரியில் உதைத்தார். ஒருவர் மீன்கூடைகள் மேல் தூக்கி எறிந்தார். குனிந்தால் நிமிர முடியாத வயதிலிருந்த இன்னொருவர், திரும்பிக்கூடப் பார்க்காமல் முழங்கையால் இடித்து மூன்றாம் மாடியிலிருந்து தள்ளினார். ஒவ்வொரு முறையும் செத்து முடித்துவிட்டு கோடம்பாக்கத்தில் மின்சார ரயிலைப் பிடித்து, தாம்பரத்தில் இறங்கி, சேலையூரில் எங்கள் வீட்டு மாடிக்கு வந்து, போட்டிருந்த சட்டையை அலசிக் காயப்போடுவார்.

பெயரை எழுதவில்லை. எழுதினாலும் நீங்கள் தவறாகத்தான் வாசிப்பீர்கள். நாங்கள் இரண்டு வருஷமும் தவறாகத்தான் கூப்பிட்டோம். தெருவுக்கு அவர் சைனாக்காரர். உண்மையில் கிர்கிஸ்தான்காரர். அப்படி ஒரு நாடு இருப்பதை அட்லஸைப் புரட்டித்தான் நான் தெரிந்துகொண்டேன். சைனா பக்கத்து நாடுதான் என்பதால் அவர் கோபித்துக்கொள்ளவில்லை. "பல்லாவரத்தானை பம்மல்காரன்னு சொல்றா மாரி" என்பார்.

தற்காப்புக் கலைக் காட்சி நடத்த வந்த ஒரு குழுவோடு சென்னைக்கு வந்தவர். குழு திரும்பிப் போய்விட்டது. இவர் முகத்தைப் பார்த்த ஒரு ஸ்டன்ட் மாஸ்டர், எந்த நாட்டு வில்லனுக்கும் அடியாளாகப் போடலாம் என்று நிறுத்திக்கொண்டார். ஜப்பான் கடத்தல்காரன், ஹாங்காங் தாதா, அந்தமான் தீவில் ஆயுதம் விற்கும் யாரோ ஒருவன், எல்லோருக்கும் பின்னால் இவர் கைகட்டி நின்றிருக்கிறார். சண்டையில்லாத நாட்களில் தாம்பரத்தில் ஒரு கல்யாண மண்டபத்து மொட்டைமாடியில் பிள்ளைகளுக்கு வகுப்பு எடுத்தார். அதற்காகத்தான் எங்கள் பகுதியில் வீடு தேடினார்.

மாடிப் போர்ஷனை யாருக்கு விடுவது என்று முடிவு செய்வது என் மாமியார். ஓய்வுபெற்ற தலைமையாசிரியை, சபையில் பெண்கள் சங்கச் செயலாளர். அவரை நான் அத்தை என்றுதான் கூப்பிடுவேன். குடிப்பாரா என்று மட்டும் தரகரிடம் கேட்டார். மோர் குடிப்பார் என்று பதில் வந்தது. சாவி கொடுக்கப்பட்டது.

அவர் தமிழ் கற்றது ஸ்டன்ட் பையன்களிடம். முதல் நாள் படியிறங்கி வந்து அத்தையிடம் அன்பாகக் கேட்டார்: "இன்னா ஆயா, துன்னுகினியா?"

ஒரு பள்ளிக்கூடத்தையே நடுங்க வைத்திருந்த அத்தை மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி மாட்டிக்கொண்டார். பிறகு, "சாப்பிட்டீர்களா என்று கேட்கவேண்டும் தம்பி" என்றார். மறுநாள் அவர் கேட்டார்: "சாப்ட்டீங்களா ஆயா?" அத்தை பாதி மதிப்பெண் கொடுத்து உள்ளே கூப்பிட்டு இட்லி வைத்தார். அந்த வாரமே சபையின் ஜெபக் குறிப்பில் 'மாடி வீட்டுத் தம்பி கீழே விழாதபடிக்கு' என்று ஒரு வரி சேர்ந்தது. விழுவதுதான் அவர் பிழைப்பு என்பதை அத்தைக்குச் சொல்ல யாருக்கும் தைரியம் வரவில்லை. ஆண்டவருக்கும் அது தர்மசங்கடமாக இருந்திருக்கும்.

அவரைப் பற்றி நினைத்தால் முதலில் காதில் விழுவது ஒரு வாக்கியம். "ஒண்ணியும் ஆவல." மாடியில் ஒரு டம்ளர் விழும். அது தரையில் உருண்டு நிற்பதற்குள் குரல் வரும்: "ஒண்ணியும் ஆவல க்கா!" மின்சாரம் போகும்: "ஒண்ணியும் ஆவல!" என்னைவிட இரண்டு வயது பெரியவர். ஆனால் யூனிட்டில் எல்லாரும் பெண்களை அக்கா என்றதால் நான் அக்கா ஆனேன். நானும் தம்பி என்று கூப்பிட ஆரம்பித்தேன். அவர் தூங்கும்போது எங்கோ பட்டாசு வெடித்தாலும் மாடியிலிருந்து தகவல் வந்துவிடும். யாரும் கேட்டிருக்கமாட்டோம். தான் நலமாக இருப்பதை உடனே யாரிடமாவது சொல்லியாகவேண்டும் அவருக்கு.

சொல்ல ஆள் இல்லாவிட்டால் காட்டுவார். அதுதான் தொழிலில் பிரச்சினை. கீழே விழுந்து செத்துக் கிடக்கும்போது, காமிரா இன்னும் ஓடிக்கொண்டிருக்கையில், வெளியே கிடக்கும் கையின் கட்டைவிரலை ஒருமுறை ஆட்டுவார். மாஸ்டர் கத்துவார். மறுபடி எடுப்பார்கள். மறுபடி ஆட்டுவார். வெயில் இறங்கிவிடும், விடுங்கடா என்று மாஸ்டர் கைகழுவிவிடுவார். யூனிட்டில் அவருக்குப் பட்டப்பெயர் தம்ஸ் அப். இதை அவரே சிரித்துக்கொண்டே சொன்னார். ஏன் ஆட்டுகிறீர்கள் என்றேன். பழக்கம் என்றார்.

நான் அப்போது கம்ப்யூட்டர் வேலையை விட்டுவிட்டு வீட்டில் ஜோயலைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அவனுக்கு இரண்டு வயது. பார்த்துக்கொண்டிருந்தேன் என்றால் அப்படியே கண் கொட்டாமல். மேஜை முனைகளுக்கெல்லாம் பஞ்சு சுற்றி டேப் ஒட்டியிருந்தேன். தெர்மாமீட்டர் இரண்டு வைத்திருந்தேன், ஒன்று சொல்வதை இன்னொன்றிடம் சரிபார்க்க. மறைமலை நகரில் ஷிப்டுக்குப் போகும் என் கணவர், எங்கள் வீட்டைவிடத் தன் தொழிற்சாலையில் பாதுகாப்பு விதிகள் குறைவு என்பார். அத்தை என்னை ஜெபக் குறிப்பில் சேர்த்துவிடுவார்.

என்னைப் பைத்தியமாகப் பார்க்காத ஒரே ஆள் அவர்தான். எங்கள் ஹாலுக்குள் வந்தால் முதலில் தரையைப் பார்ப்பார். ஜோயலின் பொம்மைக் கார், ஸ்பூன், ஈரம், எல்லாவற்றையும் காலால் ஓரம் தள்ளிவிட்டுத்தான் வணக்கம் சொல்வார். ஜிஎஸ்டி ரோட்டைத் தனியாகக் கடக்கமாட்டார். பத்துப் பேரை ஒரே நேரத்தில் முறைப்பவர், தாம்பரம் பேருந்து நிறுத்தத்தில் பூக்கூடைக்காரம்மாவின் நிழலில் ஒட்டிக்கொண்டு எதிர்ப்பக்கம் போவதை நானே பார்த்திருக்கிறேன். மொட்டைமாடி வகுப்பில் மூன்று மாதமாக விழுவதை மட்டுமே சொல்லிக்கொடுத்தார். எப்போது சார் அடிக்கச் சொல்லித் தருவீர்கள் என்று ஒரு அப்பா சண்டைக்கு வந்தார். அடிக்கிறது ஹீரோ வேலை, அதுக்கு டூப் கீறான் என்று பதில் சொல்லியிருக்கிறார்.

ஒருநாள் மூன்று சினிமா சிடிக்களோடு வந்து நின்றார். வாடகைக்கு எடுத்தவை. எங்கள் வீட்டில் கம்ப்யூட்டரும் அதில் சிடி எழுதும் கருவியும் இருப்பது அவருக்குத் தெரியும்.

"க்கா, நான் வர்றது மட்டும் வேணும். வுழறது வேணாம். அம்மாவுக்கு அனுப்பணும்."

அப்போதுதான் அவர் அப்பாவைப் பற்றிச் சொன்னார். மின்கம்பத்தில் ஏறி வேலை செய்பவர். ஒருநாள் மேலேயிருந்து விழுந்தார். எழுந்தார், தட்டிவிட்டுக்கொண்டார், ஒன்றும் ஆகவில்லை என்றார், நடந்தே வீட்டுக்கு வந்து சாப்பிட்டார். விடிவதற்குள் இறந்துபோனார். அதனால் மகன் வெளிநாட்டுக்குக் கிளம்பியபோது அம்மா ஒரே ஒரு நிபந்தனை போட்டார். விழுகிற வேலையாக இருந்தால் உடனே திரும்பிவிடவேண்டும். இவரும் சத்தியம் செய்துவிட்டு வந்து, வாரத்துக்கு இரண்டு முறை விழுந்துகொண்டிருந்தார். அம்மாவைப் பொறுத்தவரை அவர் கதாநாயகனின் நண்பன். விழுவது தெரிந்தால் அன்றோடு ஊர் திரும்பவேண்டும். அங்கே போனால் ஒரு கிடங்கில் மூட்டை தூக்கவேண்டும். இங்கே போஸ்டரின் மூலையில் கடுகளவாவது தலை வருகிறது.

வாடகை சிடியிலிருந்து வெட்டி எடுப்பது சரியா என்று இரண்டு நாள் யோசித்தேன். சாகிற சீனுக்கெல்லாம் எவன் உரிமை கேட்டு வரப்போகிறான் என்றார் கணவர். ஒரு தாயிடம் பொய் சொல்வது சரியா என்று மேலும் இரண்டு நாள் யோசித்தேன். ஜோயல் நாளைக்குப் பெரியவனாகி இப்படி ஒரு வேலைக்குப் போனால் எனக்கு எது வேண்டும்? விழாத பகுதிதான் வேண்டும். சந்தேகமே இல்லை. உட்கார்ந்து வெட்டினேன்.

விதி சுலபமானது. கதாநாயகன் காலைத் தூக்கியதும் நிறுத்து. கதவு உடைந்து இவர் வருவார், முறைப்பார், நாலு அடி கொடுப்பார், எதிரே ஒரு கால் மெல்ல எழும்பும், முடிந்தது. அடுத்த படம். ஒரு வருஷத்தில் அப்படி மூன்று சிடி அனுப்பினோம். அவர் நாட்டுக்குப் படிக்கப் போகும் மருத்துவ மாணவர்கள் யாராவது கொண்டுபோய்க் கொடுப்பார்கள்.

வெட்டிப்போட்ட மிச்சத்தை அழித்திருக்கலாம். எதையும் அழிக்கத் தைரியமில்லாதவள் நான், பிறகு தேவைப்பட்டால் என்ன செய்வது? எல்லாம் 'வேஸ்ட்' என்ற ஃபோல்டரில் சேர்ந்தது. ஒருநாள் தற்செயலாக ஜோயல் அதைப் பார்த்துவிட்டு விழுந்து விழுந்து சிரித்தான். சிரித்த வாயில் ஒரு வாய் பருப்புச் சோறு போனது. அதுவரை அவன் வாயைத் திறக்கவைக்க நான் ஜெபம் தவிர எல்லாம் செய்துபார்த்திருந்தேன். வன்முறையைக் காட்டிச் சோறூட்டலாமா என்று ஒரு புத்தகத்தில் தேடினேன். அந்த அத்தியாயம் இல்லை. இருபத்தேழு விழுதல்களையும் சேர்த்து ஒரு சிடி எழுதி ஹாலில் வைத்துக்கொண்டேன். மேலே எதுவும் எழுதவில்லை. ஒரு முழுச் சுற்றுக்கு ஒரு கிண்ணம் சோறு.

நான்காவது சிடி அனுப்பிய மறுநாள் மதியம் டீவியில் சிடியைப் போட்டேன். கதவு உடைந்தது, அவர் வந்தார், முறைத்தார், ஒரு கால் எழும்பியது, அடுத்த படம். மறுபடி கதவு. ஜோயல் கொஞ்ச நேரம் பொறுமையாகப் பார்த்தான். பிறகு அழ ஆரம்பித்தான். "மாமா விழலை. மாமா விழவே இல்லை."

கையில் பிசைந்த சோறோடு அப்படியே நின்றேன். மாமா விழுகிற சிடி அந்நேரம் விமானத்தில் போய்க்கொண்டிருந்தது.

சொல்லாமல் விட்டுவிடலாமா என்று நினைத்தேன் என்பதை ஒப்புக்கொள்கிறேன். வழியில் தொலைந்துபோகலாம், அங்கே கருவி பழுதாகலாம், உலகில் எவ்வளவோ நடக்கிறது. சாயங்காலம் மாடியேறிச் சொன்னேன். "ஒண்ணியும் ஆவல க்கா" என்றார். முதல் தடவையாக மெதுவாகச் சொன்னார்.

ஞாயிறு மாலைதான் அவர் அம்மாவுடன் பேசும் நேரம். தாம்பரம் ஸ்டேஷன் அருகே ஒரு ஐஎஸ்டி பூத். இரண்டு வாரம் கழித்து ஒரு மாணவர், சிடியைக் கொடுத்துவிட்டேன் என்று சொன்ன ஞாயிற்றுக்கிழமை, குற்றவாளி என்ற முறையில் நானும் போனேன். ஜோயலை இடுப்பில் வைத்துக்கொண்டு வெளியே நின்றேன். கண்ணாடிக் கூண்டுக்குள் அவர் பேசவே இல்லை. கேட்டுக்கொண்டு மட்டும் இருந்தார். ஒரு கட்டத்தில் ரிசீவரைக் கழுத்தில் இடுக்கிக்கொண்டு, விரல்களை மடக்கி எதையோ எண்ணினார். அப்புறம் தலைகுனிந்தார்.

வெளியே வந்து பெஞ்சில் உட்கார்ந்தார். பூத் அம்மா தண்ணீர் கொடுத்தார்.

"திட்டினாங்களா?" என்றேன்.

"இல்ல க்கா. மொத மூணு சிடிக்குத்தான் திட்டு. ஒருத்தன் காலைத் தூக்கறான், நீ நிக்கிற, படம் பூடுது. அப்புறம் இன்னா ஆச்சின்னு ஒரு வருசமா தூக்கமே இல்லியாம். தெனம் ராத்திரி அந்தக் கால் வருதாம். இப்பதான் முழுசாப் பாத்துச்சாம்."

என் முகம் எப்படி ஆனதோ தெரியவில்லை. ஒரு தாய்க்கு எது வேண்டும் என்று இரண்டு நாள் யோசித்து முடிவு செய்தவள் நான். என்னைப் போன்றவளுக்குப் பாதியில் நின்ற கால் ஒன்று போதாதா, மீதியை நானே எத்தனை விதமாக முடித்திருப்பேன்.

அப்போதுதான் கட்டைவிரல் விஷயம் தெரிந்தது. அப்பா போனபிறகு, பிள்ளைகள் ஒன்றும் ஆகவில்லை என்று வாயால் சொன்னால் அந்த அம்மா நம்புவதில்லை. எங்கே விழுந்தாலும் விழுந்த இடத்திலேயே அசையாமல் கிடந்து, கட்டைவிரலை மட்டும் ஆட்டிக் காட்டவேண்டும். காட்டினால்தான் அடுத்த மூச்சு விடுவார். மீன்கூடைகள் மேலும் மூன்றாம் மாடியடியிலும் மாஸ்டரிடம் திட்டு வாங்கி வாங்கி அவர் ஆட்டியதெல்லாம் அந்த விரல்தான். படத்தில் அம்மாவுக்காக அவர் செய்தது அது ஒன்றுதான். அதைத்தான் நான் பார்த்துப் பார்த்து வெட்டிப்போட்டிருக்கிறேன்.

"அப்ப பரவாயில்லையே" என்றேன். "இருபத்தேழு விழுதல், இருபத்தேழு விரல். நிம்மதியாகியிருப்பாங்களே."

"எண்ணிச்சாம் க்கா." அவர் ஜோயலின் காலைப் பிடித்து ஆட்டிக்கொண்டிருந்தார். "இருவத்தாறு தானாம்."

எது குறைகிறது என்று கேட்டேன். குவாரி என்றார். சொல்லும்போதே அவர் கை இடது விலாவுக்குப் போனது.

குவாரி படப்பிடிப்பு முடிந்து வந்த வாரம் எனக்கு நன்றாக நினைவிருந்தது. சளி என்று சொல்லியிருந்தார். நாற்காலியில் உட்கார்ந்தபடியே தூங்கினார். அத்தை மிளகு ரசம் வைத்துக் கொடுத்தார். நான் ஜோயலுக்குத் தொற்றிவிடுமோ என்று மாடிப் பக்கமே போகாமல் இருந்தேன். மேலேயிருந்து தினம் தினம் ஒண்ணியும் ஆவல வந்துகொண்டிருந்தது, நானும் தலையாட்டிக்கொண்டிருந்தேன். ஒரே வீட்டில், தலைக்கு மேல், இரண்டு தெர்மாமீட்டர் கைவசம் இருந்தும் எனக்குத் தெரியாதது, ஒரு மங்கலான சிடியை எங்கோ பனியில் உட்கார்ந்து பார்த்தவருக்குத் தெரிந்துவிட்டது. ஜோயல் அந்த சிடியில் அதிகமாகச் சிரிப்பதும் அந்தக் குவாரி விழுதலுக்குத்தான். அதைப் போட்டு எத்தனை வாய் ஊட்டியிருப்பேன்.

மறுநாள் அத்தை அவரைப் பள்ளிக்கூடப் பிள்ளையை இழுத்துப்போவதுபோல எக்ஸ்ரே எடுக்க இழுத்துப்போனார். இரண்டு எலும்பு உடைந்து, கோணலாகத் தானே ஒட்டியிருந்தது. டாக்டர் கோபித்துக்கொண்டார். இவர் வாயைத் திறந்தார். அத்தை, "அந்த வாக்கியத்தை மட்டும் சொல்லாதே" என்றார்.

அம்மாவின் உத்தரவு, கிளம்பி வா. ஆனால் ஒரு படத்தில் பாதி நடித்திருந்தார். கிளைமாக்ஸில் கண்ணாடிச் சுவரை உடைத்துக்கொண்டு விழுவது பாக்கி. மாஸ்டர் வேறு ஆள் போடுகிறேன் என்றார். இவர் கேட்கவில்லை. முகம் மாறினால் ஜனங்க கண்டுபிடிச்சிடும் என்றார். அந்த முகத்தை அதுவரை ஜனங்கள் கவனித்ததாக எங்களுக்குத் தெரியாது. அடுத்த ஞாயிறு பூத்தில் நின்று கெஞ்சி, அம்மாவிடம் ஒரே ஒரு விழுதலுக்கு அனுமதி வாங்கினார். விரலைக் காட்டவேண்டும் என்பது நிபந்தனை.

அந்தப் படப்பிடிப்பு முடிந்து வந்த நாள் நாங்கள் மூவரும் வாசலிலேயே நின்றோம். ஆட்டோவிலிருந்து இறங்கி வழக்கத்தைவிட நிதானமாகப் படியேறினார். எங்களைப் பார்த்து வாயைத் திறந்தார், அத்தையைப் பார்த்து மூடிக்கொண்டார், இரண்டு கட்டைவிரலையும் ஆட்டிக் காட்டிச் சிரித்தார். நின்றுகொண்டு யார் வேண்டுமானாலும் காட்டலாம் என்று நினைத்துக்கொண்டேன். இரண்டு நாளில் ஊருக்குப் போய்விட்டார். போய்ச் சேர்ந்து ஒருமுறை போன் செய்தார். இரைச்சலில் கேட்டது ஒரே வாக்கியம், எது என்று நீங்களே சொல்லிவிடுவீர்கள்.

மாடி காலியானது. ஜோயல் பால்வாடிக்குப் போக ஆரம்பித்தான். விழுந்தால் அழாமல் குப்புறக் கிடந்து விரலை ஆட்டுகிறான், ஏதாவது கோளாறா என்று அங்கே விசாரித்தார்கள். கோளாறு இல்லை, காத்திருந்து பாருங்கள் என்றேன்.

ஆறு மாதம் கழித்து அந்தப் படம் வந்தது. போகலாமா வேண்டாமா என்று நான் வழக்கம்போலத் தவித்துக்கொண்டிருக்க, கல்யாணத்துக்குப் பிறகு தியேட்டர் வாசல் மிதிக்காத அத்தை கைப்பையும் குடையுமாகக் கிளம்பி நின்றார். சினிமா பாவம் என்று பெண்கள் சங்கத்தில் பேசியவர். பாவம் நாளைக்குப் பார்த்துக்கொள்ளலாம், டிக்கெட் எடு என்று என் கணவரிடம் சொன்னார்.

இரண்டரை மணி நேரம் கதாநாயகர் காதலித்தார், பாடினார், நாட்டைக் காப்பாற்றினார். எங்களுக்கு ஒன்றும் ஏறவில்லை. கடைசியில் கதவு உடைந்தது. அவர் வந்தார், முறைத்தார், நாலு அடி கொடுத்தார். எதிரே ஒரு கால் மெல்ல எழும்பியது. என் கை தானாக அசைந்தது, நிறுத்தும் பொத்தானைத் தேடி.

கால் இறங்கியது. கண்ணாடி சிதறியது. தியேட்டர் மொத்தமும் கதாநாயகருக்காக விசிலடித்தது. அவர் இடது பக்கமாக விழுந்தார், அந்த விலாவின் மேல். காமிரா கதாநாயகரின் முகத்துக்குப் போய்விட்டது. அவர் சட்டையைச் சரிசெய்தார், தலையைக் கோதினார், ஏதோ வசனம் பேசினார். நான் எழுந்து நின்றிருக்கிறேன் போலிருக்கிறது, பின்னாலிருந்து உட்காரச் சொன்னார்கள். மறுபடி தரை வந்தது. சில்லுகளுக்கு நடுவே ஒரு கை கிடந்தது. அசையாமலே கிடந்தது.

பிறகு கட்டைவிரல் மட்டும், சோம்பலாக, ஒருமுறை ஆடியது.

"ஸ்தோத்திரம்" என்றார் அத்தை, சபையில் சொல்வதுபோல அவ்வளவு சத்தமாக.

முன் சீட்டுக்காரர் திரும்பிப் பார்த்தார். "இன்னாம்மா, அடியாளு செத்ததுக்கா?"

"சாகலைப்பா" என்றார் அத்தை, கண்ணாடியைக் கழற்றித் துடைத்தபடி.